சாவி தீர்ந்த பிறகு

அத்தியாயம் 9

போன வாரம் யாகப்பனை நாற்காலியிலிருந்து பாதி எழுந்த நிலையில் விட்டுவிட்டுப் போய்விட்டேன். மனுஷன் ஏழு நாளாக அப்படியே நிற்கிறார், உட்காரவும் வைக்கவில்லை, போகவும் விடவில்லை என்று நாலைந்து பேர் கோபித்துக்கொண்டு கார்டு போட்டிருக்கிறீர்கள். கோபம் நியாயம்தான். எனக்கும் முழங்கால் வலி உண்டு, அவர் கஷ்டம் தெரியும்.

நடந்தது இதுதான். வெள்ளிக்கிழமை சாயங்காலம், பின்கட்டு முருங்கை மரத்தடியில், ஜூலி கேமராவைக் கண்ணில் வைத்துக்கொண்டு அப்பாவிடம் ஒரு கேள்வி கேட்டாள். யாகப்பன் கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து போய்க் குழாயடியில் கையைக் கழுவிக்கொண்டார். பதில் இல்லை.

கேள்வி சின்னதுதான். "நான் படம் எடுக்கப் போனது உனக்குச் சம்மதமாப்பா?"

இரண்டு வருஷத்துக்கு முன்னால் செங்கல்பட்டில் டீச்சர் உத்தியோகத்தை உதறிவிட்டுப் பெங்களூருக்கு ரயில் ஏறப் போன அன்றைக்கு, சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலும் இதையேதான் கேட்டாள். அன்றைக்கும் பதில் இல்லை. யாகப்பன் அவளுடைய தகரப் பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு முன்னால் நடந்தார், பிளாட்பாரத்தில் இறக்கி வைத்தார், மகள் தலையில் ஒரு தடவை கையை வைத்தார், போய்விட்டார். அதிலிருந்து ஜூலி வீட்டுக்கு எழுதிய கடிதமெல்லாம் அம்மா பேருக்குத்தான். அப்பா எப்படி இருக்கிறார் என்று ஒரு வரி கேட்டதில்லை. இருபத்தேழு வயசுப் பெண்ணுக்கு அவ்வளவு வீம்பு ஆகுமா என்றால், யாகப்பன் மகளுக்கு ஆகும்.

படம் என்றதும் நீங்களும் நானும் சனிக்கிழமை தியேட்டரில் பார்க்கிற படத்தை நினைத்துக்கொள்ள வேண்டாம். இதில் கதை இல்லை, பாட்டு இல்லை, பின்னணியில் ஒருத்தர் கனத்த குரலில் விளக்கம் சொல்வதும் இல்லை. மறைமலை நகர் கம்பெனிகளில் பிரஸ் ஷாப்பில் தகடு அடிக்கிற ஆட்கள் ஷிப்ட் முடிந்து வெளியே வந்த பிறகும் கையாலும் வாயசைவாலும் பேசிக்கொள்கிறார்களே, அதுதான் ஜூலியின் படம். எட்டு மணி நேரம் அந்த இடிச் சத்தத்தில் நிற்கிறவர்களுக்குத் தொண்டை உதவாது. டீக்கடையில் பெஞ்சுக்கு அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்கு, சத்தமே போடாமல், ஒரு குடும்பத் தகராறையே பேசி முடித்துவிடுவார்கள்.

கேமரா சிநேகிதியிடம் இரவல் வாங்கியது. கரண்ட் கிடையாது, பேட்டரி கிடையாது, பக்கவாட்டில் சாவி கொடுக்க வேண்டும். ஒரு தடவை முழுசாகக் கொடுத்தால் அரை நிமிஷம் 'கர்ர்ர்' என்று ஓடும், 'டக்' என்று நின்றுவிடும். சத்தத்துக்குத் தனியாகத் தோளில் ஒரு டேப் ரிக்கார்டர். படம் வேறு, சத்தம் வேறு. இரண்டையும் பிறகு சேர்த்துக்கொள்ளலாம், சேர்க்காமலும் விடலாம். சேர்க்காமல் விடுவதுதான் நம் ஜூலியின் கட்சி.

மூன்று வாரமாக ஊருக்குள் கேமராவும் கையுமாகத் திரிந்தாள். மே மாதக் குண்டுவெடிப்புக்கு அப்புறம் இந்தப் பக்கத்து ரோட்டில் கேமராவோடு போகிறவளைப் போலீஸ் சும்மா விடுமா? நாலு இடத்தில் நிறுத்தி, பெட்டியைத் திறக்கச் சொல்லி, அப்பா பேர், ஊர் பேர் எல்லாம் கேட்டார்கள். அதற்கெல்லாம் அவள் அசரவில்லை. வெள்ளிக்கிழமை அப்பா கை கழுவப் போனாரே, அதற்குத்தான் அசந்து போனாள்.

இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. ஐந்தரை மணி ரயிலுக்குப் புறப்படுவது என்று முடிவு செய்துவிட்டாள்.

• • •

"அக்கா, நெஜமாவே கெளம்பறியா?" ஃபிரடி வாசல்படியில் உட்கார்ந்து ஷூவைத் துடைத்துக்கொண்டிருந்தான். ஜூலிக்கு நாலு வயது இளையவன், அப்பா வேலை செய்கிற கம்பெனியிலேயே டெஸ்பாட்சில் இருக்கிறான். "படம் முடிஞ்சிருச்சா? க்ளைமாக்ஸே வரலியே."

"இதுல க்ளைமாக்ஸ்லாம் கெடையாதுடா."

"சண்டையும் கெடையாது, பாட்டும் கெடையாது. நம்ம அப்பா கை கழுவறத யாருக்கா டிக்கெட் வாங்கிப் பாப்பான்?"

"நீ பாக்க வேணாம், போ."

"நான் ஓசில பாப்பேன்" என்றான். பிறகு உட்கார்ந்த இடத்திலிருந்தே உள்ளே குரல் கொடுத்தான். "அம்மா, நாளைக்கு அப்பாவ கொஞ்சம் சீக்கிரம் அனுப்பு. ஃபர்ஸ்ட் ஷிப்டுல பிரஸ் ஷாப்காரங்களுக்கெல்லாம் காது டெஸ்டாம். டாக்டர் வேன் வருதாம். ஆபீஸ்ல ரகுபதி சார் நோட்டீஸ் ஒட்டிக்கீறாரு."

அன்னபுஷ்பம் டீ ஆற்றிக்கொண்டிருந்தாள். முப்பது வருஷமாக டீ ஆற்றுகிற கை. டீ டம்ளருக்கு வெளியே விழுந்தது.

"இன்னா டெஸ்டு?" என்றாள்.

"காதும்மா. இனிமே வருஷா வருஷமாம். கேக்காதவனை மெஷின்ல நிறுத்த மாட்டாங்களாம்."

அன்னபுஷ்பம் துணியை எடுத்துத் தரையைத் துடைத்தாள். டீ விழாத இடத்தையும் சேர்த்துத் துடைத்தாள். ஜூலி அதைப் பார்க்கவில்லை. அவள் கண் வாசலில் இருந்தது. அங்கே யாகப்பன் குனிந்து சைக்கிளுக்குக் காற்று அடித்துக்கொண்டிருந்தார்.

அவர் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள்.

"அப்பா, சாயங்காலம் நான் கெளம்பறேன்."

யாகப்பன் இன்னும் நாலு தடவை பம்பை அழுத்தினார். டயரைக் கட்டைவிரலால் அமுக்கிப் பார்த்தார். பத்து விரலும் முழுசாக இருக்கிற கை. பிரஸ் ஷாப்பில் பதினெட்டு வருஷம் நின்றவர்களில் அது எத்தனை பேருக்கு வாய்க்கும் என்று அவருக்கு அதில் பெருமை உண்டு. நிமிராமலே பம்பை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குப் போய்விட்டார்.

ஜூலிக்குக் கண் கரித்தது. 'போறேன்னு சொல்றேன், ஒரு ஊம் கூட இல்ல. கல்லு மாதிரி மனுஷன்.'

"பூசைக்காவது வா கண்ணு" என்றாள் அன்னபுஷ்பம். "போற அன்னிக்குக் கோயிலுக்கு வராம போவியா?"

"நீங்க போங்கம்மா. கேசட்டெல்லாம் பேர் எழுதிப் பெட்டில வெக்கணும்."

• • •

வீடு காலியானதும் ஜூலி பாயை விரித்துக் கேசட்டுகளைப் பரப்பினாள். பதினொன்று. எதில் எது இருக்கிறது என்று கேட்டுப் பார்த்துத்தான் பேர் எழுத முடியும். ஹெட்போனை மாட்டிக்கொண்டு வெள்ளிக்கிழமை கேசட்டை முதலில் போட்டாள். ஆறாத புண்ணைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிற புத்தி நமக்கெல்லாம் இருப்பதுதானே.

கர்ர்ர் என்று கேமரா ஓடுகிறது. அவளுடைய குரல் கேட்கிறது. "நான் படம் எடுக்கப் போனது உனக்குச் சம்மதமாப்பா?" கர்ர்ர். காக்கா ஒன்று. கர்ர்ர். டக்.

பிறகு சாவி கொடுக்கிற சத்தம். திரும்ப அவள் குரல். கோபத்தை விழுங்கிக்கொண்டு கேட்கிற குரல். "துண்டு வேணுமா?"

"குடு" என்கிறார் யாகப்பன், குழாயடியிலிருந்து, உடனே.

துண்டுக்குப் பதில் உண்டு, மகளுக்குப் பதில் இல்லை. கேசட்டைப் பிடுங்கி எடுத்து அடுத்ததைப் போட்டாள்.

அது பத்து நாள் முந்தியது. கர்ர்ர். "பிரஸ் ஷாப்ல முதல் நாள் எப்படிப்பா இருந்துச்சு?" பதில் இல்லை. டக். "தண்ணி தரட்டுமா?" "வோணாம், இப்பதான் டீ குடிச்சேன்."

இன்னொன்று. கர்ர்ர். "பயமா இருக்காதா?" பதில் இல்லை. டக். "வெயில் படுதா, நாற்காலிய நவுத்தவா?" "நவுத்து, நவுத்து. மூஞ்சிலயே அடிக்குது."

ஜூலி பேனாவைக் கீழே வைத்தாள்.

மற்றதையும் போட்டுக் கேட்டாள், ஓட்டி ஓட்டி. கேமரா ஓடுகிறபோது கேட்ட கேள்வி ஒன்றுக்கும் பதில் இல்லை. கேமரா நின்ற பிறகு கேட்டது ஒன்றுக்குக்கூடப் பதில் இல்லாமல் இல்லை. கேமராவைப் பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று முதலில் நினைத்தாள். ஆனால் கேமரா பிடிக்காதவர் அத்தனை நாளும் பொறுமையாக அதன் எதிரே வந்து உட்காருவானேன்? ஞாயிறு சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தாரே?

எழுந்து போய்க் கேமராவை எடுத்தாள். ஃபிரடி சவரம் பண்ணுகிற கண்ணாடி ஜன்னலோரம் தொங்கியது. அதன் முன்னால் நின்று, படம் எடுக்கிற மாதிரியே கேமராவைக் கண்ணுக்குக் கொடுத்தாள்.

கண்ணாடியில் நெற்றி தெரிந்தது, கொஞ்சம் முடி தெரிந்தது. மூக்கு இல்லை. வாய் இல்லை. அந்த இடத்தில் கறுப்பாகக் கேமராவும் அதைப் பிடித்திருக்கிற இரண்டு கையும்தான் இருந்தன.

மூன்று வாரமாக ஊர் ஆட்களின் வாயசைவை எல்லாம் தேடித் தேடிப் படம் பிடித்தவள். தன் வாய் எங்கே போயிற்று என்று அவளுக்குத் தோன்றவே இல்லை பாருங்கள். படித்த பெண்களுக்குச் சில விஷயம் கடைசியில்தான் தெரியும்.

கேமராவைப் பாயில் வைத்தாள். செருப்பை மாட்டிக்கொண்டு கோயிலுக்கு ஓடினாள்.

• • •

பூசை பாதிக்கு மேல் ஆகியிருந்தது. ஜூலி கடைசித் தூணருகே நின்றுகொண்டாள். இடப்பக்கம் பெண்கள், வலப்பக்கம் ஆண்கள், எல்லாரும் பாயில்.

யாகப்பன் ஆண்கள் பக்கம் முதல் வரிசையில் இருந்தார். அது அவளுக்குப் புதுசு. அவள் இங்கே இருந்தவரை அவர் கடைசி வரிசைக்காரர், பிரசங்கம் நீண்டால் நைசாக வெளியே போய்விடுகிற ரகம். இரண்டு வருஷமாக முன்னால் வந்துவிட்டாராம். யாகப்பனுக்குப் பக்தி முற்றிவிட்டது என்று ஊரில் பேச்சு.

பக்தி ஒன்றும் முற்றவில்லை. அவர் சாமியாரின் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

எல்லாரும் 'ஆமென்' சொன்னார்கள். சாமியார் வாய் மூடியதைப் பார்த்து, ஒரு மூச்சு தாமதமாக, யாகப்பன் தனியாக ஒரு 'ஆமென்' சொன்னார், கொஞ்சம் சத்தமாக.

பாடல் தொடங்கியது. சாமியார் பீடத்தின் பக்கம் குனிந்து எதையோ செய்துகொண்டிருந்தார், வாய் தெரியவில்லை. யாகப்பனின் தலை மெல்ல இடப்பக்கம் திரும்பியது. அங்கே பெண்கள் பக்கம் முதல் வரிசையில், ஓரமாக, அன்னபுஷ்பம். அவள் முக்காட்டை இழுத்து முன்னால் விட்டாள். யாகப்பன் முழங்காலிட்டார். சற்றுப் பொறுத்து முக்காட்டைப் பின்னால் தள்ளினாள். எழுந்து நின்றார்.

புருஷன் பெண்சாதிக்குள் ஆயிரம் ஜாடை இருக்கும். முக்காட்டை வைத்துப் பூசை முழுவதையும் நடத்திக் கொடுக்கிறவளை நான் இப்போதுதான் பார்க்கிறேன்.

ஜூலி முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். அழுகையை அடக்கவா, சிரிப்பையா, அவளுக்கே தெரியவில்லை.

• • •

திரும்பி வருகிற வழியில் யாகப்பன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு முன்னால் போனார். அன்னபுஷ்பமும் ஜூலியும் இருபது அடி பின்னால். ஃபிரடி கோயில் வாசலிலேயே சிநேகிதர்களோடு நின்றுவிட்டான். ஏரிக்கரை ரோட்டில் வேறு ஆள் இல்லை.

"அப்பா" என்று கூப்பிட்டாள் ஜூலி.

யாகப்பன் நடந்தார்.

"அப்பா." இன்னும் உரக்க.

சைக்கிள் செயின் கிளிக் கிளிக் என்று போனது.

"அப்பா."

அன்னபுஷ்பம் மகளின் கையைப் பிடித்து அழுத்தினாள். "கத்தாத கண்ணு. ஊரு கேக்கும்."

இரண்டு பேரும் நின்றுவிட்டார்கள். மதகுக் கட்டையில் உட்கார்ந்தார்கள். யாகப்பன் போய்க்கொண்டே இருந்தார், பின்னால் யாரும் இல்லை என்பது தெரியாமல்.

"எத்தனை நாளாம்மா?"

"வலது காது மூணு வருசமாவே இல்ல. இடதுல கொஞ்சம் இருந்துச்சு. நீ போன சமயத்துல அதுவும் போச்சு."

"என்கிட்ட ஏம்மா சொல்லல?"

"யாருக்கும் சொல்லக் கூடாதுன்னு மாதா மேல சத்தியம் வாங்கிக்கினாரு. ஃபிரடிக்கே தெரியாது. தெரிஞ்சா கம்பெனில கேட்டுக்கு வெளிய நிறுத்திடுவாங்க. ரிடயராக இன்னும் நாலு வருசம் கீது. வாயப் பாத்தே ஓட்டிக்கினு வராரு." அன்னபுஷ்பம் முக்காட்டுத் துணியால் முகத்தைத் துடைத்தாள். "ஒனக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"டேப் கேட்டேன். நான் கேமராவ மூஞ்சில வெச்சுக்கினே கேட்டிருக்கேம்மா. எல்லாத்தையும். அவருக்கு என் வாயே தெரிஞ்சிருக்காது."

"அதான். தெனமும் என்கிட்ட வந்து கேப்பாரு. 'பாப்பா மெஷின வெச்சுக்கினு என்னையே பாக்குது, ஒண்ணுமே கேக்க மாட்டேங்குது, நான் எவ்வளவு நேரம் சும்மா ஒக்காந்துக்கினு இருக்கறது'ன்னு."

ஜூலி இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள்.

"அதுக்கு ஏன் அழுவுற?"

"ஸ்டேஷன்ல கேட்டேம்மா. நான் போன அன்னிக்கு. போறது உனக்குச் சம்மதமான்னு மூணு வாட்டி கேட்டேன். திரும்பிக்கூடப் பாக்கல. கோபம்னு நெனச்சேன். ரெண்டு வருஷம் அப்படியே நெனச்சுக்கினு இருந்தேன்."

"அவரு பொட்டியத் தூக்கினு முன்னால போயிருப்பாரு."

"ஆமா."

"நீ பின்னாலேருந்து கேட்டியா?"

"ஆமாம்மா."

"ஐயோ, எம் பைத்தியமே" என்றாள் அன்னபுஷ்பம். மகளை இழுத்து மடியில் சாய்த்துக்கொண்டாள். ஏரிக்கரையில் அம்மாவும் பெண்ணும் அழுதார்கள். தூரத்தில் யாகப்பன் ஒருவழியாகத் திரும்பிப் பார்த்து, சைக்கிளை நிறுத்தி ஸ்டாண்டு போட்டுவிட்டு, கையால் கேட்டார். கட்டைவிரலை மேலே தூக்கி இரண்டு ஆட்டு. பிரஸ் ஷாப் பாஷையில் 'மெஷின் நின்னுடுச்சா?' என்று அர்த்தம்.

அன்னபுஷ்பம் உள்ளங்கையைக் காட்டினாள். 'ஓடுது, போங்க.'

• • •

மூன்று மணி. சாப்பாடு ஆகிவிட்டது. தகரப் பெட்டி கயிறு கட்டி வாசலில் இருந்தது. ஜூலி ஐந்தரை ரயில் யோசனையை இன்னும் விடவில்லை. அப்பா சம்மதம் என்றாலும் போவது, இல்லை என்றாலும் போவது. ஆனால் பதில் தெரியாமல் இன்னொரு தடவை ரயில் ஏற முடியாது, அது மட்டும் தெரிந்திருந்தது.

கேமராவில் மிச்சம் இருந்தது ஒரு சாவிக்கு ஆகிற பிலிம். அரை நிமிஷம்.

யாகப்பன் முருங்கை மரத்தடி நாற்காலியில் இருந்தார். மகள் கேமராவோடு வருவதைப் பார்த்ததும் சட்டைக் காலரைச் சரி செய்துகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

கேமராவை அரிசி டிரம்மைக் கவிழ்த்து அதன்மேல் வைத்தாள். கண்ணால் ஒரு தடவை பார்த்து அப்பா நடுவில் இருக்கிறாரா என்று சரி பண்ணினாள். சாவியை முழுசாகக் கொடுத்தாள். கையை எடுத்தாலும் ஓடுகிற மாதிரி பொத்தானை அமுக்கிப் பூட்டினாள். கர்ர்ர்.

பிறகு முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, கேமராவுக்குப் பின்னால் இல்லை, அப்பாவின் முழங்காலுக்கு எதிரே உட்கார்ந்தாள். மடியில் டேப் ரிக்கார்டர். முகத்துக்கு முன்னால் ஒன்றும் இல்லை.

இப்படி உட்கார்ந்து அவரைப் பார்த்து எத்தனை வருஷம் ஆயிற்று. கண்ணுக்கு முன்னால் ஒரு கேமரா இருந்தால் அவளுக்கு யாரிடமும் எதையும் கேட்கத் தைரியம் வரும். அது இப்போது டிரம் மேல் இருந்தது. பத்து செகண்டு போயிற்று.

"அப்பா. நான் வேலைய விட்டுட்டுப் படம் எடுக்கப் போனது உனக்குச் சம்மதமாப்பா?"

யாகப்பனின் கண் அவள் உதட்டில் இருந்தது. உதடு நின்ற பிறகு அவள் கண்ணுக்கு ஏறியது.

வாய் ஒரு தடவை திறந்து மூடியது. கர்ர்ர். முருங்கைப் பூ ஒன்று அவர் தோளில் விழுந்தது. கர்ர்ர்.

டக்.

கேமரா நின்றது. பிலிம் முடிந்தது. யாகப்பனுக்கு அது கேட்கவில்லை, அவர் கேமராவைப் பார்க்கவும் இல்லை.

"அன்னிக்கே கேட்டிருக்கலாமே கண்ணு" என்றார்.

"கேட்டேன்பா."

"எப்ப?"

"ஸ்டேஷன்ல. நீ பொட்டியத் தூக்கினு முன்னால போய்க்கினு இருந்த. நான் பின்னால வந்தேன். மூணு வாட்டி கேட்டேன்."

அவர் அவள் உதட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அது சொன்னது முழுசும் உள்ளே போய்ச் சேரக் கொஞ்ச நேரம் பிடித்தது. அவளுக்குத் தெரிந்துவிட்டது என்பதும் அதோடு சேர்ந்து உள்ளே போயிற்று. தன்னுடைய பத்து விரலையும் பார்த்தார்.

"எனக்குக் கேக்கலம்மா" என்றார்.

மூன்று வருஷத்தில் வாயைத் திறந்து அவர் அதைச் சொன்னது அன்றைக்குத்தான். பெண்டாட்டியிடம்கூடக் காதைத் தொட்டுக் காட்டியிருக்கிறாரே தவிர இப்படிச் சொன்னதில்லை.

"தெரியும்பா. இன்னிக்குத்தான் தெரிஞ்சுது."

"நீ எனக்கு ஒரு லெட்டரு போடலியே. எல்லாம் உங்கம்மா பேருக்கே வந்துது. எம் மேல இன்னா கோவம்னு யோசிச்சு யோசிச்சுப் பாத்தேன். வேலைய விடாதன்னு எப்பவாவது திட்டினேனா, இன்னா பேசினேன்னு நெனச்சு நெனச்சுப் பாத்தேன். ஒண்ணும் ஞாபகம் வரல."

"நான்தான்பா தப்பா நெனச்சுட்டேன்." ஜூலி மூக்கை உறிஞ்சினாள். "அன்னிக்கு உனக்குக் கேட்டிருந்தா இன்னா சொல்லியிருப்ப?"

யாகப்பன் துண்டை எடுத்து முதலில் அவள் முகத்தைத் துடைத்தார், பிறகு தன் முகத்தை.

"இன்னா கேள்வி இது. சம்மதம் இல்லன்னா ஓரகடம் ரோட்டுலேருந்து ஸ்டேஷன் வரைக்கும் அம்மாம் கனத்த பொட்டிய நான் ஏன் தூக்கினு வரப்போறேன்?"

ஜூலி அவர் முழங்காலில் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். யாகப்பன் அவள் தலையில் கையை வைத்தார், அன்றைக்கு ஸ்டேஷனில் வைத்த அதே மாதிரி.

படத்தில் இது இல்லை. படத்தில் இருப்பதெல்லாம் ஒரு மனுஷன் வாயைத் திறந்து மூடுவதும், ஒரு முருங்கைப் பூவும். சத்தம் மட்டும் கேசட்டில் இருக்கிறது.

• • •

கொஞ்ச நேரம் கழித்து யாகப்பன் அவள் முகத்தை நிமிர்த்தினார். "நாளைக்குக் காது டெஸ்டு. வாசல்ல ஃபிரடி உங்கம்மாகிட்ட சொல்றப்ப வாயப் பாத்தேன்."

"என்னப்பா பண்ணப் போற?"

"எத்தினி நாளைக்குத்தான் மத்தவன் வாயைப் பாத்துக்கினே ஓட்டுறது? போன வாரம் பக்கத்து மெஷின்காரன் 'நிறுத்து'ன்னு கத்தியிருக்கான். எனக்குத் தெரியல. நல்லவேளை, அவன் கைய இழுத்துக்கினான்." தன் கையைப் பார்த்தார். "எனக்குப் பத்து விரல் இருந்தா போதுமா? டாக்டர்கிட்ட நானே சொல்லிடலாம்னு பாக்கறேன். தனியா போவ ஒரு மாதிரி இருக்குது. கூட வர்றியா?"

ஜூலி குரல் எழுப்பவில்லை. உதட்டை மட்டும் அசைத்தாள். 'வரேம்பா.'

"சரி" என்றார் யாகப்பன். எழுந்தார். வாசலுக்குப் போனார். தகரப் பெட்டியைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு வீட்டுக்குள் நடந்தார். ஜூலி பின்னாலேயே போனாள்.

அடுக்களை வாசலில் அன்னபுஷ்பம் நின்றிருந்தாள். எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள். புருஷன் தன்னைக் கடந்து போனதும் அவர் முதுகைப் பார்த்து, அடிக்குரலில், கெஞ்சுகிற மாதிரி சொன்னாள்.

"சொல்லாதீங்க. டாக்டர் முன்னால போய் நிக்கறதுக்கு நான் வேற ஆள் பாத்து வெச்சுட்டேன். மத்தியானமே ரகுபதி சார் வீட்டுக்குப் போய்ப் பேசிட்டு வந்துட்டேன். நாளைக்கு ஒங்க பேருல டெஸ்டுக்குப் போகப் போறது நம்ம ஃபிரடி."

பெட்டி உள்ளே இறங்குகிற சத்தம் கேட்டது. யாகப்பன் தோளைத் தேய்த்துக்கொண்டே திரும்பினார். பெண்டாட்டி முகத்தையும் மகள் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். இரண்டு பேருடைய வாயும் மூடியிருந்தது, ஆனால் ஜூலியின் கண் அம்மா மேலேயே இருந்தது.

"இன்னா ஜூலி" என்றார். "அம்மா இப்ப இன்னா சொன்னா?"